புக்கிட் அண்ணனின் ஒன்பது மலைகள்

சிங்கப்பூர் ஒரு மலைநாடு என்று மனப்பூர்வமாக நம்பிய மனிதர், எனக்குத் தெரிந்து, உலகத்திலேயே ஒருவர்தான் இருந்தார். வரைபடம் போட்ட வெள்ளைக்காரனுக்கு அந்த விஷயம் தெரியாது. பூகோளம் நடத்திய வாத்தியார்களுக்குத் தெரியாது. தேக்கா மார்க்கெட்டுக்குக் காய்கறி ஏற்றி வந்த ஒரு வேன் டிரைவருக்குத்தான் தெரிந்திருந்தது.

அவரை எல்லோரும் புக்கிட் அண்ணன் என்போம். மலாயில் புக்கிட் என்றால் குன்று. அவர் அதை மலை என்றுதான் மொழிபெயர்ப்பார். "குன்றுன்னு சொல்லுங்கண்ணே" என்று யாராவது திருத்தினால், "குன்றுன்னா முருகன் ஏறமாட்டாரா?" என்று கேட்டுவிட்டுப் போய்விடுவார். சொந்தப் பெயர் என்னவென்று அவரிடம் நான் கேட்டதில்லை. கேட்டிருக்கலாம்.

வாரத்தில் ஆறு நாள் புக்கிட் பாஞ்சாங் தோட்டங்களிலிருந்து கீரையும் முட்டைக்கோஸும் அவர் வேனில் வந்து இறங்கும். ஞாயிற்றுக்கிழமை அதே வேனைக் கழுவி, இரண்டு பெஞ்சு போட்டு, மனிதர்களை ஏற்றுவார். 'ஒரு நாள் மலைச் சுற்றுலா' என்று அதற்குப் பெயர். எவ்வளவு கழுவினாலும் கீரை வாசம் போகாது. பெஞ்சுக்கு அடியில் தங்கிவிட்ட முட்டைக்கோஸ் ஒன்று ஒவ்வொரு வளைவிலும் உருண்டு வந்து யார் காலிலாவது முட்டும். "அதுவும் நம்மகூட டூர் வருது லா, விடுங்க" என்பார்.

காக்கி அரைக்கால் சட்டை, பெரிய கறுப்புக் கண்ணாடி, வாயில் வைத்துச் சத்தமாகப் பேச பிஸ்கட் டின்னை வெட்டிச் செய்த ஊதுகுழல். இவற்றையெல்லாம் மன்னித்துவிடலாம். கழுத்தில் ஒரு கம்பளி மப்ளர் சுற்றியிருப்பார். காலை ஏழு மணிக்கே முதுகில் சட்டை ஒட்டும் ஊரில் கம்பளி மப்ளர்!

"எதுக்குண்ணே இது?" என்று முதல் நாள் கேட்டேன்.

"மலைக்குப் போறோம்ல? குளிரும்."

அப்போது எனக்கு இருபத்து மூன்று வயது. துறைமுகத்துப் பக்கம் ஒரு கம்பெனியில் கிராணி, அதாவது குமாஸ்தா வேலை. கெர்பாவ் ரோட்டில் மாடி அறை ஒன்றில் நான்கு பேர் தங்கியிருந்தோம். சுயாட்சி வந்த புதிது. ஊரே கூட்டம், பேச்சு, கைதட்டல் என்று சூடாக இருந்தது. எனக்கு மட்டும் ஒரே ஓர் ஆசை: என் எழுத்து அச்சில் வரவேண்டும். எதை எழுதுவது என்றுதான் தெரியவில்லை. அப்படி ஒரு ஞாயிற்றுக்கிழமை, பொழுது போகாமல், புக்கிட் அண்ணன் வேனில் ஏறினேன்.

ஏறி ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை. சிராங்கூன் சாலையைத் தாண்டி ஏதோ ஒரு மேட்டில் வேன் முக்கி முனகி ஏறியது, இறங்கியது. ஊதுகுழல் பேசியது.

"ரெண்டு மலை முடிஞ்சுது! எல்லாரும் நல்லா பாத்துக்கிட்டீங்களா?"

ஊரிலிருந்து மகன் வீட்டுக்கு வந்திருந்த ஒரு பெரியவர் பதறிப்போனார். "எங்கய்யா? நான் பாக்கலியே?"

"இப்ப ஏறி இறங்கினோமே! முன்னால மவுண்ட் எமிலி, பின்னால மவுண்ட் சோபியா. மவுண்ட்டுன்னா இங்கிலீஷ்ல மலை. கவர்மெண்ட்டே போர்டு வெச்சிருக்கான்."

"நான் வாய்க்கால் பாலம்னு நெனச்சேன்" என்றார் பெரியவர்.

புக்கிட் அண்ணன் கணக்குப்படி தீவில் ஒன்பது மலைகள். போர்டில் மவுண்ட் என்றோ புக்கிட் என்றோ இருந்தால் போதும், மலை. அவருக்கு எந்த மொழியிலும் எழுதப் படிக்கத் தெரியாது. போர்டுகளையெல்லாம் யாரிடமோ கேட்டு மனப்பாடம் செய்து வைத்திருந்தார். பேச்சு மட்டும் தமிழ், மலாய், ஹொக்கியன் என்று எல்லாவற்றிலும் தண்ணீர் பட்ட பாடு.

முன் சீட்டில் அவர் மனைவி செல்லம்மா அக்கா உட்கார்ந்திருப்பார். வாழையிலையில் கட்டிய புளிச்சோறும் நெத்திலி சம்பலும் அவர் பொறுப்பு. அதைவிடப் பெரிய பொறுப்பு ஒன்றும் இருந்தது. ஒவ்வொரு மலை உச்சியிலும் வேன் நின்றதும், முதன்முதலாகப் பார்ப்பவர்போல மார்பில் கை வைத்து, "அம்மாடி, எம்மாம் உயரம்!" என்று வியக்க வேண்டும். வாராவாரம் வியந்தார். நான் போன நாலைந்து ஞாயிறுகளிலும் ஒரு தடவைகூட அந்த வியப்பில் குறை வைத்ததில்லை. அவர் வியந்த பிறகு, வேனில் இருக்கும் மற்றவர்களும் கொஞ்சம் வெட்கப்பட்டு எட்டிப் பார்ப்பார்கள்.

புக்கிட் தீமா அடிவாரத்தில் வேனை நிறுத்தி எல்லோருக்கும் பஞ்சு கொடுப்பார். "காதுல வெச்சுக்குங்க. மேல போகப் போக அடைக்கும்." அதன் மொத்த உயரம் ஐந்நூற்றுச் சொச்சம் அடி. நான் பஞ்சை வாங்கிச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டேன். பெரியவர் வைத்துக்கொண்டார். உச்சிக்குப் போனதும் "ஆமாய்யா, ஒண்ணுமே கேக்கல!" என்று அதிசயப்பட்டார். பஞ்சை எடுக்கும்படி யாரும் அவரிடம் சொல்லவில்லை. சொன்னாலும் கேட்டிருக்காது.

பிறகு கிராமங்கள். புக்கிட் பாஞ்சாங்கில் ஒரு சீனர் தோட்டத்துக்குள் எங்களை இறக்கிவிட்டார். தோட்டக்காரர் மண்வெட்டியோடு ஓடிவந்து உரத்த குரலில் மலாயில் என்னவோ சொன்னார்.

"வாங்க வாங்க, உங்க வீடு மாதிரி நெனச்சுக்குங்கன்னு சொல்றாரு" என்று மொழிபெயர்த்தார் அண்ணன்.

எனக்குக் கொஞ்சம் மலாய் வரும். கங்கோங் கீரைப் பாத்தியில் கால் வைக்கிறவன் காலை உடைப்பேன் என்றுதான் அந்த மனிதர் சொன்னார். ஆனால் கால் மணி நேரத்தில் அதே தோட்டக்காரர் எல்லோருக்கும் கறுப்புக் காப்பி கொடுத்தார், பெரியவருக்கு ஒரு முள்ளங்கியைப் பரிசாகக் கொடுத்தார். எப்படி நடந்தது என்று தெரியாது. புக்கிட் அண்ணன் தவறாக மொழிபெயர்ப்பார். பிறகு அந்தத் தவறையே உண்மையாக்கிவிடுவார். நீ சூன் கிராமத்து மலாய்க்காரர் வீட்டில் ரம்புத்தான், மண்டாய் பக்கம் ரப்பர் தோட்டத்தில் தமிழர் வீட்டு மோர், எங்கே போனாலும் ஏதாவது ஒன்று கைக்கு வந்து சேரும்.

கடைசியில் மவுண்ட் ஃபேபர். பொழுது சாயும் நேரம். துறைமுகத்துக் கப்பல்கள் கீழே தெரியும். செல்லம்மா அக்கா கடைசி முறையாக வியப்பார். "ஒம்போது மலை! பத்திரமா ஏறி இறங்கிட்டீங்க, வாழ்த்துகள்!" என்று ஊதுகுழல் முழங்கும்.

அந்த முதல் நாள், புக்கிட் தீமா உச்சியில் சாப்பிடும்போது நான் கிண்டலாகக் கேட்டேன்: "அண்ணே, உங்க ஊர்ல இதைவிடப் பெரிய மலை உண்டா?"

அவர் கிண்டலைக் கவனிக்கவில்லை. "எங்க ஊர்ல ஏது தம்பி மலை? கண்ணுக்கு எட்டின வரைக்கும் பொட்டல். கரையான் புத்துதான் ஒசரம். கப்பல்ல வந்து இறங்கினதும் இந்தா கீழ இருக்கே கல்லுமலை, அங்கதான் கல் ஒடைக்க விட்டாங்க. ஒரு நாள் மத்தியானம் சாப்பாட்டு நேரத்துல மேல என்னதான் இருக்குன்னு ஏறிப் பாத்தேன். இந்தப் பக்கம் கடலு, அந்தப் பக்கம் தண்ணிக்கு அப்பால ஜோகூர். அதுவரைக்கும் நான் எதையுமே மேலேருந்து பாத்தது கெடையாது தம்பி. எல்லாத்தையும் அண்ணாந்துதான் பாத்திருக்கேன். ஒக்காந்து அழுதுட்டேன். கங்காணி வந்து ஒதச்ச பிறகுதான் எறங்கினேன்."

சொல்லிவிட்டுச் சிரித்தார். நானும் சிரித்தேன். அன்று இரவே எழுத உட்கார்ந்தேன். அவர் அழுததை எழுதவில்லை. மப்ளரை எழுதினேன், பஞ்சை எழுதினேன், முட்டைக்கோஸை எழுதினேன். புனைபெயரில் ஒரு பத்திரிகையின் ஞாயிறு பக்கத்துக்கு அனுப்பினேன். அடுத்தடுத்த வாரங்களிலும் வேனில் போனேன். அனுப்பிய பிறகும் போனேன் என்பதுதான் எனக்கே விளங்காத விஷயம்.

கட்டுரை வந்தது. தலைப்பு, 'இல்லாத மலைக்கு ஏணி வைப்பவர்'. எங்கள் ஆபீசில் அதைச் சத்தமாக வாசித்துச் சிரித்தார்கள். எழுதியது நான்தான் என்று சொல்ல நாக்கு துடித்தது. ஆசிரியர் இன்னும் எழுதி அனுப்பும்படி கடிதம் போட்டார். இன்றுவரை வாரம் தவறாமல் உங்கள் முன் வந்து நிற்கிறேனே, அந்தப் பிழைப்பின் முதல் படி அதுதான்.

கட்டுரை வந்த மறுநாள் சாயங்காலம் புக்கிட் அண்ணன் என் அறைக்கு மாடிப்படி ஏறி வந்தார். கையில் அந்தப் பேப்பர். பின்னால் செல்லம்மா அக்கா, நல்ல சேலை கட்டிக்கொண்டு.

"தம்பி, நம்ம டூரைப் பத்திப் பேப்பர்ல போட்டுட்டாங்களாம்! மார்க்கெட் பூரா அதே பேச்சு. பாக்கிறவன்லாம் சிரிக்கிறான், கை குடுக்கிறான். நீ படிச்ச புள்ளை, கொஞ்சம் வாசி. அவளும் கேக்கணுமாம்."

என் சாப்பாட்டு மேஜைமேல் பேப்பரை விரித்தார். இரண்டு பேரும் கோயிலில் கதை கேட்க உட்காருவதுபோல உட்கார்ந்தார்கள்.

'இவர் காட்டும் மலைகளைப் பார்க்கப் பூதக்கண்ணாடியோடு போகவும்' என்று அச்சில் இருந்தது.

"இவர் காட்டும் மலைகளைப் பார்க்க இரண்டு கண் போதாது" என்று வாசித்தேன்.

"பாத்தியா!" என்றார் மனைவியிடம்.

'இவர் வேனில் முட்டைக்கோஸுக்கு இருக்கும் மரியாதை பயணிக்கு இல்லை' என்று இருந்தது. "பயணிகளைப் பூப்போல ஏந்திக்கொண்டு போகிறார்" என்று வாசித்தேன். கண் ஒரு வரியைப் படிக்க, வாய் வேறு வரியைச் சொல்ல, அவ்வளவு வேகமாக நான் அதற்கு முன்னும் எழுதியதில்லை, பின்னும் எழுதியதில்லை. ஒரு வரிக்கு மட்டும் எதுவும் தோன்றவில்லை. 'இவர் மனைவி வாராவாரம் ஒரே இடத்தில் வியக்கும் கூலி நடிகை.' அதை அப்படியே தாண்டிவிட்டேன்.

முடித்ததும் அண்ணன் பேப்பரைக் கையால் நீவிவிட்டு, "எழுதின மகராசன் யாரோ, நல்லா இருக்கணும்" என்றார். செல்லம்மா அக்கா கும்பிட்டார். என்னைப் பார்த்து இல்லை, பேப்பரைப் பார்த்து.

அந்த வாரமே கட்டுரையைக் கண்ணாடி போட்டுச் சட்டம் கட்டி, வேனில் தன் சீட்டுக்குப் பின்னால், பயணிகள் முகத்துக்கு நேராக, நான்கு திருகாணி வைத்து முடுக்கிவிட்டார்.

கூட்டம் கூடியது. முன்பு பத்துப் பேர் வந்த இடத்தில் இருபது பேர் நெருக்கி உட்கார்ந்தார்கள். ஏறுவார்கள், சட்டத்தைப் படிப்பார்கள், சிரிப்பார்கள். ஊதுகுழல் வாயைத் திறக்கும் முன்பே சிரிப்பார்கள். பஞ்சு கொடுத்தால் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். அண்ணனுக்கு ஒரே பூரிப்பு. "ஜனங்க ரொம்ப சந்தோஷமா இருக்காங்க தம்பி" என்று மார்க்கெட்டில் பார்த்தபோது சொன்னார்.

எனக்குத் தூக்கம் போனது. அந்தச் சட்டத்தைக் கழற்றிவிட வேண்டும். ஒரு திருப்புளியைக் கால்சட்டைப் பையில் போட்டுக்கொண்டு ஒரு ஞாயிற்றுக்கிழமை வேனில் ஏறினேன். புக்கிட் தீமா உச்சியில் எல்லோரும் சாப்பிட இறங்கும்போது வேலையை முடித்துவிடலாம் என்று திட்டம். இறங்கினார்கள். மழை பிடித்துக்கொண்டது. எல்லோரும் இலைப் பொட்டலத்தோடு திரும்பி ஏறிவிட்டார்கள். திருப்புளி பையிலேயே இருந்தது.

மழை விடும்வரை பொழுது போகவேண்டுமே. கண்ணாடி போட்ட ஓர் இளைஞன் சட்டத்தைப் பார்த்தான். கூட வேலை பார்ப்பவர்கள் ஐந்தாறு பேரோடு வந்தவன், எதற்கும் முதலில் சிரிப்பவன். "எல்லாருக்கும் கேக்கட்டும்ணே" என்று அண்ணன் கையிலிருந்த ஊதுகுழலை வாங்கினான். அண்ணன் சந்தோஷமாகக் கொடுத்தார்.

அவன் வாசித்தான். அச்சில் இருந்ததை, அச்சில் இருந்தபடியே.

முதல் வரியில் அண்ணன், அவன் ஏதோ தவறாக வாசிக்கிறான் என்று நினைத்து என்னைப் பார்த்தார். நான் மழையைப் பார்த்தேன். பூதக்கண்ணாடி வந்தது. முட்டைக்கோஸ் வந்தது. வேன் சிரிப்பில் ஆடியது. எதிர் பெஞ்சில் இருந்த யாழ்ப்பாணத்துக்காரர், தபாலாபீசில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர், அவர் மட்டும் டிரைவர் சீட்டைக் கவனித்துக்கொண்டிருந்தார்.

"காணும் தம்பி, நிப்பாட்டும். கீழ வையும் அதை" என்றார்.

"இருங்க சார், இனிமேதான் ஜோக்கு" என்று அவன் வாசித்தான்: "இவர் மனைவி வாராவாரம் ஒரே இடத்தில் வியக்கும் கூலி நடிகை."

அதற்கும் இரண்டு பேர் சிரித்தார்கள். பிறகு யாரும் சிரிக்கவில்லை. செல்லம்மா அக்கா முன் சீட்டில் இலைப் பொட்டலம் ஒன்றைப் பிரித்து மறுபடி கட்டினார். மறுபடி பிரித்தார்.

புக்கிட் அண்ணன் திரும்பிப் பார்க்காமல் கை நீட்டி ஊதுகுழலை வாங்கிக்கொண்டார். மழை விட்டது. வேனைக் கிளப்பினார். பாதியில் திருப்பிவிடுவார் என்று நினைத்தேன். திருப்பவில்லை. புக்கிட் பாஞ்சாங் தோட்டம், மண்டாய், நீ சூன், ஓரிடம் விடாமல் கூட்டிப்போனார். ஒவ்வோர் இடத்திலும் நிறுத்தி, சாதாரணக் குரலில் சொன்னார்: "இது ஒரு மேடு. எறங்கிப் பாக்கிறவங்க பாக்கலாம்." சற்று தள்ளி இன்னொன்று. "இதுவும் ஒரு மேடுதான்."

யாரும் இறங்கவில்லை. முட்டைக்கோஸ் உருளும் சத்தம் மட்டும் கேட்டது.

மவுண்ட் ஃபேபர் உச்சியில் வேன் நின்றது. அண்ணன் ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். செல்லம்மா அக்கா கதவைத் திறந்து இறங்கினார். வேனுக்கு முன்னால் போய் நின்றார். மார்பில் கை வைத்துக்கொண்டு, அத்தனை பேருக்கும் கேட்கும்படி, "அம்மாடி, எம்மாம் உயரம்!" என்றார்.

யாழ்ப்பாணத்துக்காரர் இறங்கிப் போய் அவர் பக்கத்தில் நின்றார். "உயரந்தான் பிள்ளை, நல்ல உயரம்" என்றார். பிறகு ஒவ்வொருவராக இறங்கினார்கள். ஊதுகுழலில் வாசித்தவன்கூட இறங்கினான். கடைசிவரை இறங்காதவர்கள் இரண்டு பேர்: புக்கிட் அண்ணனும் நானும். இருவருக்கும் நடுவில் அந்தச் சட்டம்.

அதுதான் கடைசிச் சுற்றுலா.

இரண்டு வாரம் கழித்து என் அறைக்கு வந்தார். தனியாக. மப்ளர் இல்லாத கழுத்து ரொம்ப மெலிந்து தெரிந்தது. இன்றைக்குச் சொல்லிவிடுவது என்று எழுந்து நின்றேன். அவர் முந்திக்கொண்டார்.

"தம்பி, அன்னிக்கு நீ வாசிச்சது வேற, பேப்பர்ல இருந்தது வேறன்னு அப்புறம்தான் வெளங்குச்சு. எங்க மனசு நோகக்கூடாதுன்னு நீயா கோத்துச் சொல்லியிருக்க. அதுலயும் அந்த ஒரு வரி... அவ பக்கத்துல இருக்கான்னுதானே முழுசா தாண்டிட்ட?"

நான் தலையை ஆட்டினேன். அப்படி ஆட்டியதற்கு என்னை நான் இன்னும் மன்னிக்கவில்லை.

"நல்ல மனசுப்பா ஒனக்கு. ஒரு ஒதவி பண்ணு. நீ வாசிச்சதுதான் நல்லா இருந்துச்சு. அதை அப்படியே ஒரு தாள்ல எழுதிக் குடு. அந்தச் சட்டத்துலயே போட்டு வீட்டுல மாட்டிக்கிறேன். அவளுக்காக."

"எழுதி வைக்கிறேண்ணே, நாளைக்கு வாங்க."

அவர் வந்தார். நான் எழுதவில்லை. எழுத உட்கார்ந்தால் நான் வாசித்தது நினைவுக்கு வரமாட்டேன் என்றது. நான் எழுதியதுதான் எழுத்து எழுத்தாக ஞாபகம் இருந்தது. இன்னொரு நாளைக்கு வரச்சொன்னேன். அன்றும் வந்தார். ஆபீசில் வேலை அதிகம் என்றேன். "பரவால்ல தம்பி, மெதுவா எழுது" என்றார். அதற்குப் பிறகு மார்க்கெட்டில் அவர் வேன் நிற்குமிடத்தில் வேறொரு வேன் நின்றது. மலாயாவில் கேமரன் மலையில் காய்கறி லாரி ஓட்ட வேலை கிடைத்துக் குடும்பத்தோடு போய்விட்டதாகச் சொன்னார்கள். வாழ்நாளில் முதன்முதலாக அவர் நிஜமான மலைக்குப் போயிருக்கிறார் என்று எனக்குள் ஓர் எழுத்தாளன் உடனே ஒரு வரி தயார் செய்தான். அவனை அறைந்து உட்காரவைத்தேன்.

ஏழெட்டு மாதத்தில் அவரிடமிருந்து ஒரு கடிதம் வந்தது. யாரோ ஒரு கடைக்காரரிடம் சொல்லி எழுதவைத்திருந்தார். "தம்பிக்கு நலம், நலமறிய ஆவல். இங்கே மலை எல்லாம் ரொம்பப் பெரிசு. ராத்திரியில் நல்ல குளிர். ஆனால் எவ்வளவு மேலே ஏறினாலும் இன்னொரு மலைதான் தெரிகிறது, கடல் தெரியவில்லை. ஒரு நாளில் சுற்றிக் காட்டவும் முடியாது. செல்லம்மா இங்கே வியக்கமாட்டேன் என்கிறாள். நம்ம மலைதான் நல்ல மலை. நீ வாசித்ததை எழுதி முடித்துவிட்டால் இந்த விலாசத்துக்கு அனுப்பவும். அவசரம் இல்லை."

கீழே விலாசம் இருந்தது. நான் பதில் போடவில்லை. கல்யாணம், வேலை உயர்வு, புது வீடு என்று பல காரணங்கள் அடுத்தடுத்து வந்து உதவின. வாரா வாரம் பிறரைப் பற்றி எத்தனையோ பக்கங்கள் எழுதியிருக்கிறேன். அந்தக் கடிதத்துக்குப் பதில் எழுத எத்தனையோ முறை தாளை எடுத்தேன். ஒவ்வொரு முறையும் 'அன்புள்ள அண்ணே' என்று எழுதி, அதோடு நின்றுவிடுவேன். நான் அவரைப் பற்றி எழுதியதிலேயே பொய்யில்லாத சொற்கள் அந்த இரண்டும்தான்.